கேம்ல சேவ் ஆனதை அழிக்கணுமா, முதல்ல அது எங்க இருக்குன்னு பாருங்க

செகண்ட் ஹேண்ட்ல ஒரு போக்கிமான் டைமண்ட் கார்டு வாங்குறீங்க, நின்டெண்டோ டிஎஸ்ல சொருகுறீங்க, பழைய ஓனர் விளையாடினது உள்ள அப்படியே இருக்கு, சரி நாம புதுசா ஆரம்பிப்போம்னு நியூ கேம் தட்டினா அதுவும் ஜோரா ஆரம்பிக்குது, பேர் வைக்கறீங்க, முதல் போக்கிமானை எடுக்கறீங்க, ரெண்டு மணி நேரம் ஓடிடுது, அப்புறம் சேவ் பண்ணப் போனா முடியாதுங்குது. உடனே கார்டு டூப்ளிகேட்டுன்னு முடிவு பண்ணி கடைக்காரர்கிட்ட சண்டைக்குப் போயிடாதீங்க. கார்டு நல்லாத்தான் இருக்கு. அந்த கேம்ல ஒரே ஒரு சேவுக்குத்தான் இடம், பழசு உள்ள இருக்கற வரைக்கும் புதுசை எழுத விடாது, பழசை அழிச்சே ஆகணும், ஆனா அழிக்கற ஆப்ஷன் மெனுல எங்க தேடினாலும் கிடைக்காது. டைட்டில் ஸ்க்ரீன்ல மேல் அம்புக்குறி, செலக்ட், பி, இந்த மூணையும் ஒண்ணா அமுக்கிப் பிடிக்கணும். அப்பதான் எல்லாத்தையும் அழிக்கவான்னு கேட்கும்.

இதை ஏன் இப்படி ஒளிச்சு வச்சாங்க, வேற கன்சோல்ல எப்படி, அழிச்சா நிஜமாவே போயிடுதா, திரும்ப வருமான்னு நிறைய பேருக்கு குழப்பம் இருக்கு. குழப்பத்துக்குக் காரணம் ஒண்ணே ஒண்ணுதான், சேவ் எந்த இடத்துல இருக்குங்கறது ஒவ்வொரு மெஷினுக்கும் மாறும். கார்ட்ரிட்ஜ் உள்ளயே இருக்கலாம், மெமரி கார்டுல இருக்கலாம், கன்சோல் வயித்துல இருக்கலாம், இப்பல்லாம் கூடவே ஒரு காப்பி க்ளவுட்லயும் இருக்கும். இடம் தெரிஞ்சா அழிக்கற வழியும் தெரிஞ்சிடும், அழிக்கக் கூடாததை அழிக்காம தப்பிக்கவும் செய்யலாம்.

பழசுல இருந்து வருவோம். 1989ல கேம்பாய் வந்தப்ப கூட வந்த டெட்ரிஸ்ல சேவே கிடையாது. நீங்க உயிரைக் கொடுத்து எடுத்த ஹை ஸ்கோர், ஸ்விட்சை ஆஃப் பண்ணின அடுத்த நொடி காலி. நம்ம ஊர்ல தெருவுக்குத் தெரு ஓடின அந்த பிரிக் கேம் டப்பாவும் இதே ஜாதிதான். இந்த மாதிரி கேம்ல அழிக்கறதுக்குன்னு ஒண்ணுமே இல்ல, கரண்ட் போனா எல்லாம் போச்சு.

சேவ் வச்ச கேம்பாய் கார்ட்ரிட்ஜ்ல என்ன பண்ணினாங்கன்னா, எஸ்ரேம்னு ஒரு சின்ன மெமரி சிப்பை வச்சாங்க. அந்த சிப்புக்கு கரண்ட் இருக்கற வரைக்கும்தான் ஞாபகம் இருக்கும். அதனால கார்ட்ரிட்ஜ் உள்ளயே, வாட்ச்ல போடற மாதிரி ஒரு பட்டன் பேட்டரியை வெல்டு வச்ச தகடோட சேர்த்து சால்டர் பண்ணிட்டாங்க. கேம்பாயை ஆஃப் பண்ணி கார்ட்ரிட்ஜை பீரோல போட்டாலும் அந்த பேட்டரி ராத்திரி பகலா அந்த சிப்புக்கு துளித்துளியா கரண்ட் குடுத்துக்கிட்டே இருக்கும். போக்கிமான் ரெட்ல இந்த மெமரி மொத்தமே 32 கிலோபைட். இன்னிக்கு வாட்ஸ்அப்ல வர குட்மார்னிங் படம் இதைவிட பெருசு. அந்த 32க்குள்ளதான் உங்க பேர், பேட்ஜ், பணம், பெட்டி பெட்டியா பிடிச்சு வச்ச போக்கிமான் எல்லாமே அடங்கியிருக்கு.

இங்க புதுசா வரவங்க தடுக்கி விழற இடம் ஒண்ணு உண்டு. கேம்பாய் பின்னாடி போடற நாலு பென்சில் பேட்டரிக்கும் சேவுக்கும் சம்பந்தமே இல்ல. அதை கழட்டினா சேவ் போகாது, கழட்டி வருஷக்கணக்குல வச்சிருந்தாலும் போகாது. கார்ட்ரிட்ஜ் உள்ள இருக்கற பட்டன் பேட்டரி தீர்ந்தா மட்டும்தான் போகும், ஆனா அது தீரும்போது முன்கூட்டியே ஒரு வார்த்தை சொல்லாது, ஒருநாள் ஆன் பண்ணினா கன்டினியூங்கற வரியே இருக்காது, நியூ கேம் மட்டும் பல்லிளிச்சுக்கிட்டு நிக்கும். அடுத்து வந்த போக்கிமான் கோல்ட், சில்வர் கார்ட்ரிட்ஜ்ல இது இன்னும் சீக்கிரம் நடக்கும், ஏன்னா அதுல பகல் ராத்திரி காட்டறதுக்கு ஒரு கடிகாரம் வேற ஓடிக்கிட்டே இருக்கு, அதுவும் அதே பேட்டரிலதான் வாழுது. ரெட் 1996லயும் கோல்ட் 1999லயும் ஜப்பான்ல வந்துச்சு, ஆனா வயசுல சின்ன கோல்டு முதல்ல சாகும். பேட்டரியை மாத்தலாமேன்னா மாத்தலாம், ஆனா பழசைக் கழட்டின நிமிஷமே சேவ் காலி, அதனால மாத்தறதுக்கு முன்னாடி கார்ட்ரிட்ஜ் ரீடர் வாங்கி கம்ப்யூட்டர்ல சேவை காப்பி எடுத்து வச்சுட்டு, புது பேட்டரி போட்ட அப்புறம் திரும்ப உள்ள எழுதணும். சால்டரிங் தெரிஞ்ச ஆளுக்கு பெரிய வேலை இல்ல, ஆனா காப்பி எடுக்காம நேரா சால்டரிங் அயர்னைத் தூக்கறவங்களைப் பார்த்தா எனக்கு வயித்தைக் கலக்கும்.

சரி, பேட்டரி சாகாம நாமளா அழிக்கறதுன்னா? ரெட், ப்ளூ, யெல்லோல இருந்தே அந்த மேல் அம்பு, செலக்ட், பி கூட்டணிதான். டைட்டில் ஸ்க்ரீன்ல அமுக்கினா அழிக்கவான்னு கேட்கும், கேட்கும்போது கவனிச்சீங்கன்னா நோங்கறது மேலயும் யெஸ்ங்கறது கீழயும் இருக்கும், கேம் முழுக்க மத்த எல்லா கேள்விக்கும் யெஸ்தான் மேல. ஏ பட்டனை தடதடன்னு தட்டற பசங்க தெரியாம யெஸ் போட்டுடக் கூடாதுன்னு பண்ணின ஏற்பாடு அது. யெஸ் குடுத்தா கேம் அந்த மெமரி முழுக்க, எல்லா பிட்டையும் 1 ஆக்கி ரொப்பிடுது. பழசு மேல புதுசா எழுதிடறதால அதுக்கப்புறம் தோண்டி எடுக்க உள்ள ஒண்ணும் மிச்சம் இருக்காது. மெனுல போடாம பட்டன் கூட்டணியா ஒளிச்சு வச்சதும் இதே காரணத்துக்குத்தான், ஒரே வீட்ல அண்ணன் கேமை தம்பி நோண்டும்போது டிலீட்டுங்கற வார்த்தை கண்ணுலயே படக்கூடாது. தேவைப்படறவங்க கையேட்டைப் படிச்சு தெரிஞ்சுக்கட்டும்னு விட்டுட்டாங்க. கையேடு இல்லாம வெறும் கார்டா கைமாறி வரும்னு யோசிக்கல போல.

பழைய கேம்ல இன்னொரு ஆபத்து உண்டு. ரெட்ல இருந்து எமரால்டு வரைக்கும் நீங்க பழசை அழிக்காமலே நியூ கேம் ஆரம்பிச்சு, சேவ் பண்ணும்போது பழசு போயிடும், பரவாயில்லையான்னு கேட்கற கேள்விக்கு யெஸ் குடுத்தா பழசு மேல புதுசு எழுதிடும், அதாவது அழிக்கறதுக்கு தனியா ஒண்ணும் பண்ணவே வேண்டாம், ஒரு யெஸ் போதும். இப்படி தம்பி தங்கச்சியால நூறு மணி நேர கேமை இழந்த அண்ணன்மாருங்க உலகம் பூரா இருக்காங்க. டைமண்ட், பேர்ல்ல இருந்துதான் இதை மாத்தி, அழிக்காம எழுத விடமாட்டேன்னு பூட்டு போட்டாங்க. ஆரம்பத்துல சொன்ன ரெண்டு மணி நேர வயித்தெரிச்சல் அந்த பூட்டோட பக்க விளைவு. என்னைக் கேட்டா பூட்டு சரிதான், ஆனா நியூ கேம் தட்டினப்பவே நல்லா உறைக்கற மாதிரி சொல்லியிருக்கணும். டிஎஸ்ஸுக்கு அடுத்து வந்த 3டிஎஸ் கன்சோல்ல வந்த போக்கிமான் எக்ஸ், ஒய், சன், மூனுக்கு செலக்டுக்குப் பதிலா மேல் அம்பு, எக்ஸ், பி. மத்த கேமுக்கெல்லாம் இதே கூட்டணி வேலை செய்யாது, ஒவ்வொண்ணும் ஒவ்வொரு மாதிரி, சிலதுல மெனுலயே டிலீட் இருக்கும், சிலதுல லோட் ஆகும்போது நாலஞ்சு பட்டனை சேர்த்து பிடிக்கணும், அந்தந்த கேம் கையேட்டை நெட்ல தேடிப் பார்க்கறதுதான் வழி.

2001ல கேம்பாய் அட்வான்ஸ் வந்த அப்புறம் ஃப்ளாஷ் மெமரி உள்ள வந்துச்சு. இது பேட்டரி இல்லாமலே ஞாபகம் வச்சுக்கும். ரூபி, சஃபையர் கார்ட்ரிட்ஜ்லயும் பேட்டரி இருக்குமே, ஆன் பண்ணினா உள் பேட்டரி தீர்ந்துடுச்சுன்னு மெசேஜ் வருதேன்னு பயப்படறவங்க உண்டு, அது கடிகாரத்துக்கு மட்டும்தான், செடி வளர்றது மாதிரி நேரத்தை நம்பி நடக்கற விஷயம் மட்டும் நிக்கும், சேவ் பத்திரமா இருக்கும், தாராளமா விளையாடலாம்.

ஃப்ளாஷ்ல ஒரு சுவாரசியமான சங்கதி, அதுல நேரா பழசு மேல எழுத முடியாது. முதல்ல ஒரு தொகுதியை மொத்தமா அழிச்சு எல்லா பிட்டையும் 1 ஆக்கணும், அப்புறம்தான் எழுதணும். அப்படின்னா நீங்க ஒவ்வொரு தடவை சேவ் பண்ணும்போதும் உள்ள ஒரு அழிப்பு நடக்குது. சேவ் ஆகும்போது ஆஃப் பண்ணாதீங்கன்னு மெசேஜ் போடறாங்களே, அழிச்சாச்சு இன்னும் எழுதலைங்கற அந்த இடைவெளில கரண்ட் போச்சுன்னா பழசும் இல்ல புதுசும் இல்லன்னு ஆயிடும், அதுக்குத்தான் அந்த மெசேஜ். இதை சமாளிக்க மூணாம் தலைமுறை போக்கிமான்ல, அதாவது ரூபி, சஃபையர், எமரால்டு வகையறாவுல, ரெண்டு இடம் வச்சிருக்காங்க, ஒரு தடவை முதல் இடத்துல எழுதினா அடுத்த தடவை ரெண்டாவது இடத்துல எழுதும், மாத்தி மாத்தி. எழுதினதெல்லாம் கூட்டி ஒரு சரிபார்ப்பு எண்ணும் கூடவே எழுதி வைக்கும், ஆன் பண்ணும்போது திரும்ப கூட்டிப் பார்க்கும், கணக்கு உதைச்சா சேவ் கெட்டுப் போச்சு, இதுக்கு முந்தின சேவை எடுத்துக்கறேன்னு சொல்லும். முதல் தலைமுறைல, அதாவது ரெட், ப்ளூ, யெல்லோல, இந்த ரெண்டாவது இடம் கிடையாது, கணக்கு உதைச்சா டேட்டா அழிஞ்சு போச்சுன்னு ஒரு வரி, அவ்ளோதான்.

இந்த பாதில நிறுத்தற விஷயத்தையே பசங்க தங்களுக்கு சாதகமா பயன்படுத்தின கதையும் இருக்கு. கோல்ட், சில்வர்ல போக்கிமான் பெட்டியை மாத்தும்போது கேம் சேவ் ஆகும், அப்ப பெட்டில இருக்கறதை ஒரு நேரத்துலயும் கைல இருக்கற ஆறு போக்கிமானை இன்னொரு நேரத்துலயும் எழுதும். ரெண்டுக்கும் நடுவுல சரியா ஆஃப் பண்ணினா, பெட்டிலயும் அந்த போக்கிமான் இருக்கும், கைலயும் பழையபடி இருக்கும், ஒண்ணு ரெண்டாயிடும். நேரம் தப்பிச்சுன்னா சேவே போயிடவும் வாய்ப்பு உண்டு. அப்படி இருந்தும் பண்ணாத பையன் குறைவு.

டூப்ளிகேட் கார்ட்ரிட்ஜ் பத்தியும் சொல்லிடறேன். நின்டெண்டோ கார்ட்ரிட்ஜ் நம்மூர்ல பெரும்பாலும் வெளிநாட்டு சொந்தக்காரங்க கொண்டு வந்தது இல்லன்னா கைமாறி வந்தது, நடுவுல நிறைய போலியும் சுத்துது. ஃபயர்ரெட், எமரால்டு மாதிரி கேம் தனக்கு 1 மெகாபிட் ஃப்ளாஷ், அதாவது 128 கிலோபைட், இருக்கும்னு எதிர்பார்க்கும், போலில அது இல்லன்னா 1எம் சப் சர்க்யூட் போர்டு இல்லன்னு ஒரு மெசேஜ் வந்து சேவ் பண்ணவே முடியாது. இன்னும் சில போலி, ஃப்ளாஷுக்கு பதிலா பழைய மாதிரி பேட்டரி வச்சு ஓட்டும், பேட்டரி தீர்ந்ததும் சேவ் தானா அழியும். உங்க கேம் யாரும் தொடாமலே அடிக்கடி மறந்து போகுதுன்னா முதல்ல சந்தேகப்பட வேண்டியது இதைத்தான்.

இதுக்கு நேர் எதிரா, அழிக்கவே முடியாத சேவும் வந்துச்சு. 2011ல காப்காம் கம்பெனி 3டிஎஸ்ஸுக்கு ரெசிடென்ட் ஈவில் தி மெர்சினரிஸ் 3டின்னு ஒரு கேம் விட்டாங்க. கையேட்டுலயே, இந்த கேம்ல சேவ் ஆனதை ரீசெட் பண்ண முடியாதுன்னு போட்டிருந்தாங்க. அதாவது நீங்க ஜெயிச்சு திறந்த கேரக்டர், ஸ்கோர் எல்லாம் கார்டோட ஒட்டிக்கும், விக்கலாம், ஆனா வாங்கறவர் பூட்டைத் திறந்து திறந்து ரசிக்கறதுக்கு ஒண்ணும் மிச்சம் இருக்காது. சேவ் கார்டுலயே இருக்கறதால 3டிஎஸ் செட்டிங்ஸ்ல போயும் ஒண்ணும் பண்ண முடியாது, கார்டுல இருக்கற சேவை அந்த கேம் மட்டும்தான் தொடும். பழைய கேம் விக்கற சந்தையை ஒழிக்கத்தான் இப்படி பண்ணினாங்கன்னு ஜனங்க கொதிச்சாங்க, காப்காம் அதெல்லாம் காரணமே இல்ல, ஸ்கோரை ஏத்திக்கிட்டே போற வகை கேம் இதுன்னு விளக்கம் குடுத்தாங்க. காரணம் என்னவா இருந்தாலும் காசு குடுத்து வாங்கின பொருளை முதல்ல இருந்து ஆரம்பிக்க விடலைங்கறது எனக்கு அநியாயமாத்தான் படுது.

சோனி பக்கம் வேற கணக்கு. 2004 கடைசில ஜப்பான்ல வந்த பிஎஸ்பில கேம் யுஎம்டிங்கற குட்டி டிஸ்க்ல வரும், அதுல படிக்க மட்டும்தான் முடியும், ஒரு எழுத்து எழுத முடியாது. சேவ் எல்லாம் மெமரி ஸ்டிக்ல. அதனால பிஎஸ்பி டிஸ்கை ஃப்ரெண்டுக்குக் குடுத்தா உங்க சேவ் அவன்கிட்ட போகாது, விக்கும்போதும் அழிக்கற கவலை இல்ல. அழிக்கணும்னா கேம் மெனுல சேவ்டு டேட்டா யூட்டிலிட்டிக்குப் போய், வேண்டாததுல முக்கோண பட்டனை அமுக்கினா டிலீட் வரும். ஆனா இந்த டிலீட் கேம்பாய் மாதிரி இல்ல. கம்ப்யூட்டர் பென்டிரைவ்ல நடக்கற அதே கதைதான், ஃபைலோட பேரை மட்டும் லிஸ்ட்ல அடிச்சுட்டு அந்த இடம் காலின்னு குறிச்சுக்கும், டேட்டா உள்ள அப்படியே கிடக்கும், வீட்டு வாசல்ல பெயர்ப்பலகையை மட்டும் கழட்டிட்டு உள்ள ஆள் குடியிருக்கற மாதிரி. தெரியாம அழிச்சிட்டீங்கன்னா அந்த ஸ்டிக்ல வேற எதையும் சேவ் பண்ணாம உடனே வெளிய எடுத்து, கம்ப்யூட்டர்ல போட்டு ரெக்கவரி சாஃப்ட்வேர் ஓட்டினா திரும்பக் கிடைக்க நல்ல வாய்ப்பு இருக்கு. அதுக்கும் மேல, பிஎஸ்பியை யுஎஸ்பில கம்ப்யூட்டரோட இணைச்சா பிஎஸ்பிங்கற ஃபோல்டருக்குள்ள சேவ்டேட்டான்னு ஒரு ஃபோல்டர் இருக்கும், அதை அப்படியே காப்பி பண்ணி வச்சுக்கலாம், இவ்ளோ சுலபமா பேக்கப் குடுத்த கையடக்க கன்சோல் அப்புறம் பெருசா வரல.

பிஎஸ்பிக்கு அடுத்து சோனி விட்ட பிஎஸ் வீட்டாங்கற கன்சோல்ல ஒரு கண்ணி வெடி இருக்கு. ஹோம் ஸ்க்ரீன்ல வட்ட வட்டமா இருக்கற கேம் ஐகானை இடம் பத்தலைன்னு டிலீட் பண்ணினா, கேமோட சேர்ந்து சேவும் போயிடும். வார்னிங் போடும்தான், ஆனா யார் படிக்கறா? முதல்லயே கம்ப்யூட்டருக்கோ க்ளவுடுக்கோ காப்பி எடுத்துட்டுதான் அந்த ஐகான்ல கை வைக்கணும்.

நின்டெண்டோ ஸ்விட்ச்ல இது அப்படியே தலைகீழ். 2017 மார்ச்ல வந்த ஸ்விட்ச்ல சேவ் கேம் கார்டுலயும் இல்ல, மைக்ரோ எஸ்டி கார்டுலயும் இல்ல, கன்சோலோட உள் மெமரில மட்டும்தான். கேமை டிலீட் பண்ணினாலும் சரி, ஆர்க்கைவ் பண்ணினாலும் சரி, எஸ்டி கார்டைக் கழட்டி எறிஞ்சாலும் சரி, சேவ் அப்படியே இருக்கும், திரும்ப டவுன்லோட் பண்ணினா விட்ட இடத்துல இருந்து விளையாடலாம். இடம் பத்தலைன்னா ஸ்விட்ச்ல தைரியமா கேமை டிலீட் பண்ணலாம், வீட்டால பண்ணக் கூடாது, ரெண்டுலயும் ஸ்க்ரீன்ல வர்றது அதே டிலீட்டுங்கற வார்த்தைதான். வீட்டால இருந்து ஸ்விட்சுக்கு வந்தவங்க பயந்து பயந்து ஒரு கேமையும் அழிக்காம வச்சிருப்பாங்க. ஸ்விட்ச்ல இருந்து பழைய வீட்டா வாங்கினவங்களுக்குத்தான் அடி விழும்.

ஸ்விட்ச்ல சேவை மட்டும் அழிக்கணும்னா சிஸ்டம் செட்டிங்ஸ், டேட்டா மேனேஜ்மென்ட், அதுல டிலீட் சேவ் டேட்டா. கேமை செலக்ட் பண்ணினா எந்த யூசரோட சேவுன்னு கேட்கும், ஒருத்தரோடதை மட்டும் அழிக்கலாம், மத்தவங்களோடது அப்படியே இருக்கும். ரீசைக்கிள் பின்னெல்லாம் கிடையாது, உள்ள இருக்கறது என்கிரிப்ட் ஆனதால பிஎஸ்பி மாதிரி ரெக்கவரி சாஃப்ட்வேரும் உதவாது. போக்கிமான் ஸ்வார்டு, ஷீல்டுல அந்த பட்டன் கூட்டணியும் கிடையாது, இந்த செட்டிங்ஸ் வழி மட்டும்தான். ஆனா இன்னொரு முறை முதல்ல இருந்து விளையாட அழிக்கவே தேவையில்ல, ஸ்விட்ச்ல புதுசா ஒரு யூசர் உருவாக்கினா அவருக்குன்னு தனி சேவ் வந்துடும், பழசு பழைய யூசர்கிட்ட பத்திரமா இருக்கும். இது தெரியாம நூறு மணி நேர சேவை அழிக்கறவங்க இன்னமும் இருக்காங்க. அப்புறம் ஒரு எச்சரிக்கை, யூசரையே டிலீட் பண்ணினா அவரோட எல்லா கேம் சேவும் ஒரே அடியா போகும்.

அனிமல் கிராஸிங் நியூ ஹொரைசன்ஸ் இந்த விதிக்குள்ள அடங்காது. அதுல கன்சோலுக்கு ஒரு தீவுதான், வீட்ல நாலு யூசர் இருந்தாலும் எல்லாரும் அதே தீவுல குடியிருக்கணும். தீவைப் புதுசா ஆரம்பிக்கணும்னா எல்லாரோட சேவையும் சேர்த்து அழிச்சாகணும், அப்பா ஆசையா கட்டின வீடு, அம்மா போட்ட தோட்டம் எல்லாம் சேர்ந்து போகும். வீட்ல ஒரு மீட்டிங் போட்டுட்டு அழிங்க. இதே வரிசைல 3டிஎஸ்ல வந்த நியூ லீஃப் கொஞ்சம் கருணையானது, 2016ல வந்த அப்டேட்டுக்கு அப்புறம் ஊரை அழிக்கறதுக்குப் பதிலா டாம் நூக்குங்கற வியாபாரிகிட்ட வித்துட்டு, அந்தப் பணத்தோட புது ஊர்ல குடியேறலாம், நீங்க சேர்த்த பொருள் பட்டியலும் கூட வரும். அழிக்கறதையே கதைக்குள்ள ஒரு வீடு மாத்தற சமாச்சாரமா ஆக்கினதை நினைச்சா அந்த டிசைனரை கையெடுத்துக் கும்பிடணும் போல இருக்கு.

இப்ப க்ளவுட். 2018 செப்டம்பர்ல ஸ்விட்ச் ஆன்லைன் சந்தா ஆரம்பிச்சாங்க, அதுல இருந்து பணம் கட்டினவங்க சேவ் தானா மேல ஒரு காப்பி போகும். கன்சோல்ல அழிச்சாலும் க்ளவுட்ல இருக்கறது அழியாது, மனசு மாறினா திரும்ப இறக்கிக்கலாம். நிஜமாவே சுவடு இல்லாம போகணும்னா க்ளவுட்ல இருக்கறதை தனியா போய் அழிக்கணும். ஆனா எல்லா கேமுக்கும் இது கிடையாது, ஸ்பிளாட்டூன் 2, போக்கிமான் ஸ்வார்டு, ஷீல்டு இதுக்கெல்லாம் க்ளவுட் இல்லவே இல்ல, சேவை பழசாக்கி திரும்பக் கொண்டு வந்து ஏமாத்திடுவாங்கன்னு ஒதுக்கி வச்சுட்டாங்க. அழிக்கறதுக்கு முன்னாடி அந்த கேமுக்கு க்ளவுட் இருக்கா, கடைசியா எப்ப மேல போச்சுன்னு ஒரு பார்வை பார்த்துடுங்க. சந்தாவை நிறுத்திட்டா உடனே தூக்கிப் போட மாட்டாங்க, 180 நாள் வச்சிருப்பாங்க, அதுக்குள்ள திரும்ப சேர்ந்தா கிடைக்கும். ஒரு ஸ்விட்ச்ல இருந்து இன்னொண்ணுக்கு டிரான்ஸ்ஃபர் சேவ் டேட்டான்னு ஒண்ணு இருக்கே, அது காப்பி இல்ல, அங்க போனதும் இங்க இருக்கறது அழிஞ்சிடும், இதை அழிப்பு லிஸ்ட்லயே சேர்த்துக்கலாம்.

போக்கிமான் ஆளுங்களுக்கு மட்டும் ஒரு வார்த்தை. அழிக்கறதுக்கு முன்னாடி உள்ள இருக்கறதை வெளிய எடுக்க முடியுமான்னு பாருங்க. ஸ்விட்ச் கேம்னா போக்கிமான் ஹோம் ஆப்ல ஏத்திடலாம், இலவசமா 30 வரைக்கும் வைக்கலாம், அதுக்கு மேல காசு. பழைய கேம்பாய்னா இன்னொரு கேம்பாய், ஒரு கேபிள், இன்னொரு கார்ட்ரிட்ஜ் வேணும், ட்ரேட் பண்ணி நகர்த்தணும். அட்வான்ஸ்ல இருக்கறதை டிஎஸ்ல சொருகி டைமண்டுக்கு ஏத்தலாம், ஆனா ஒருவழிப் பாதை, திரும்ப இறங்காது. பழைய ஓனரோட சேவா இருந்தாலும் உடனே அழிக்காதீங்க, உள்ள போய் பெட்டியெல்லாம் ஒரு சுத்து சுத்திப் பாருங்க, அந்தக் காலத்துல விழாவுக்கு நேர்ல போய் வாங்கின போக்கிமான், இப்ப எந்த வழிலயும் கிடைக்காதது, ஏதாவது தூங்கிக்கிட்டு இருக்கலாம்.

ஆன்பெர்னிக், மியூ மினி மாதிரி எமுலேட்டர் கன்சோல், அதாவது பழைய மெஷின் மாதிரியே சாஃப்ட்வேர்ல நடிச்சு பழைய கேமை ஓட்டற டப்பா, வச்சிருக்கவங்களுக்கு இதெல்லாம் வேற ரூபத்துல வரும். அங்க ஒரே கேமுக்கு ரெண்டு விதமான சேவ். ஒண்ணு கேமுக்குள்ள மெனுல போய் பண்றது, அது எஸ்டி கார்டுல கேம் பேர்லயே ஒரு சின்ன ஃபைலா இருக்கும், எஸ்ஏவி இல்லன்னா எஸ்ஆர்எம்னு முடியும், பழைய கார்ட்ரிட்ஜ் சிப்புல இருந்தது இதுதான். இன்னொண்ணு சேவ் ஸ்டேட், அந்த நொடில மெஷின் மொத்தத்தையும் படம் பிடிச்ச மாதிரி எடுத்து வைக்கறது. கேமை முதல்ல இருந்து ஆரம்பிக்க முதல் ஃபைலை அழிச்சிட்டு, ஆட்டோ லோட் ஆன்ல இருந்தா பழைய ஸ்டேட் வந்து உக்காந்துக்கும், அழிச்சேனே எப்படி வருதுன்னு முழிப்பாங்க. அதைவிட மோசமானது, ஒரு மாசத்துக்கு முந்தின ஸ்டேட்டை சும்மா பார்ப்போம்னு லோட் பண்ணினா, அந்த ஸ்டேட்டுக்குள்ள அன்னிக்கு இருந்த பழைய சேவும் சேர்ந்து வந்துடும், வெளிய வரும்போது எமுலேட்டர் அதையே ஃபைல்ல எழுதிடும், நேத்து வரைக்கும் விளையாடின சேவ் சத்தமில்லாம காலி. ரெட்ரோஆர்ச்ங்கற எமுலேட்டர் சாஃப்ட்வேர்ல இதைத் தடுக்க ஒரு செட்டிங் இருக்கு, ஸ்டேட் லோட் ஆகும்போது சேவ் ரேமை மாத்தாதேன்னு, சேவிங் பகுதில தேடி ஆன் பண்ணி வச்சுக்கோங்க.

கடைசியா கன்சோலையே விக்கறவங்களுக்கு. ஸ்விட்ச் கேம் கார்டுல ஒண்ணும் இல்லங்கறதால கார்டை அப்படியே விக்கலாம். கன்சோலை வித்தா செட்டிங்ஸ்ல சிஸ்டம், ஃபார்மேட்டிங் ஆப்ஷன்ஸ், அதுல இனிஷியலைஸ் கன்சோல், அது எல்லாத்தையும் துடைச்சுடும், காசு குடுத்து வாங்கின டிஜிட்டல் கேம் உங்க அக்கவுன்ட்ல இருக்கும், அதைத் திரும்ப இறக்கிக்கலாம். விக்கல, கன்சோல் கிறுக்கு பிடிச்சு ஆன் ஆகாம மக்கர் பண்ணுது, சேவ் மட்டும் வேணும்னா, ஆஃப் பண்ணிட்டு ரெண்டு வால்யூம் பட்டனையும் பிடிச்சுக்கிட்டே பவரை அமுக்கினா மெயின்டனன்ஸ் மோடு வரும், அதுல சேவ் டேட்டாவை அழிக்காம இனிஷியலைஸ் பண்றதுன்னு தனி ஆப்ஷன் இருக்கு. அதுக்குப் பக்கத்துலயே எல்லாத்தையும் அழிக்கற ஆப்ஷனும் இருக்கு, படிச்சுப் பார்த்துட்டு அமுக்குங்க.